கடலுக்குப் போகும் நீர்: தொப்பூர் வட்டார விவசாயிகளுக்கு ஒரு திறந்த மடல்



காவிரியில் வெள்ளம் பெருகும் நாட்களில் ஒகேனக்கல்லிலிருந்து நீரை மேலேற்றித் தருமபுரி மாவட்டத்தின் வறண்ட ஏரிகளை நிரப்ப வேண்டும் என்று இம்மாவட்டத்து மக்கள் பல ஆண்டுகளாகக் கேட்டு வருகின்றனர். அக்கோரிக்கை நியாயமானது. அதை முழுமையாக ஏற்றுக்கொண்டு, அது முன்வைக்கப்படும் விதத்தில் இடம்பெறும் ஒரே ஒரு வாதத்தை மட்டும் கைவிடுமாறு வேண்டுவதே இம்மடலின் நோக்கம். கேட்கப்படுவது கடலில் வீணாகக் கலக்கும் நீர்தான் என்பதே அந்த வாதம். மனுக்களிலும் மேடைகளிலும் அது திரும்பத் திரும்பச் சொல்லப்படுவதால் ஐயத்துக்கு இடமற்ற உண்மைபோலத் தோன்றினாலும், ஆற்றின் கடைசிப் பகுதியில் வாழும் மக்களுக்கும் உயிர்களுக்கும் உள்ள உரிமையை அது கணக்கிலிருந்தே நீக்கிவிடுகிறது. தருமபுரியின் ஏரிகளுக்கு எதிராகவே நாளை அது திருப்பப்படவும் கூடும்.

இவ்வேண்டுகோள் தொப்பூரை நோக்கி எழுதப்படுவதற்குக் காரணம் உண்டு. சேர்வராயன் மலையில் தோன்றும் தொப்பையாறு, தொப்பூர்க் கணவாயின் அடிவாரத்தைத் தொட்டுச் சென்று மேட்டூர் நீர்த்தேக்கத்தில் கலப்பதால், இவ்வட்டாரத்தில் பெய்யும் மழையில் ஒரு பங்கு காவிரியின் வழியே கல்லணையையும் கடைமடையையும் சென்றடைகிறது. தொப்பையாறு அணையின் கொள்ளளவு சுமார் 300 மில்லியன் கன அடி; மேட்டூரின் கொள்ளளவு 93.47 டி.எம்.சி. ஒரு டி.எம்.சி. என்பது ஆயிரம் மில்லியன் கன அடி, அதாவது ஏறத்தாழ 2.83 கோடி கன மீட்டர் என்பதால், மேட்டூரில் முந்நூறில் ஒரு பங்குகூடத் தொப்பையாறு அணையில் அடங்காது. அந்தச் சிறு அணையும் பல ஆண்டுகள் நிரம்பாமலே கழிவதையும், ஆண்டுக்குச் சராசரியாகச் சுமார் 850 மில்லிமீட்டர் மழை பெறும் மாவட்டத்தில் கேழ்வரகும் சாமையும் நிலக்கடலையும் மானத்தை நம்பியே விதைக்கப்படுவதையும், மழை பொய்த்தால் இளைஞர்கள் திருப்பூருக்கும் பெங்களூருக்கும் வேலை தேடிப் போவதையும் தொப்பூர் மக்களுக்கு யாரும் எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. பாறைப்பாங்கான இந்நிலத்தில் ஆழ்குழாய்க் கிணறுகளின் நீரில் ஃபுளூரைடு மிகுந்து பற்களையும் எலும்புகளையும் பாதித்ததால்தான், ஜப்பானிய நிதியுதவியுடன் ஒகேனக்கல் கூட்டுக் குடிநீர்த் திட்டம் கொண்டுவரப்பட்டு 2013இல் பயன்பாட்டுக்கு வந்தது. குடிநீருக்கு வழி பிறந்த மாவட்டத்தில் ஏரிகளுக்கும் வழி பிறக்க வேண்டும் என்பது பேராசையாகாது.

கேட்கப்படும் அளவையும் பார்க்க வேண்டும். மேட்டூரின் உபரிநீரைக் கொண்டு சேலம் மாவட்டத்தின் 100 வறண்ட ஏரிகளை நிரப்ப 565 கோடி ரூபாயில் வகுக்கப்பட்டு, 2021இல் தொடங்கிவைக்கப்பட்ட திட்டம் விநாடிக்கு 214 கன அடி வீதம் 30 நாட்களுக்கு நீர் எடுக்கிறது. அது மொத்தம் 0.555 டி.எம்.சி. ஆகும். தருமபுரிக்கு 3 டி.எம்.சி. தேவை என்று கொண்டாலும், 30 நாட்களில் அதை எடுக்க விநாடிக்குச் சுமார் 1,160 கன அடி போதும். காவிரியில் விநாடிக்கு ஒரு லட்சம் கன அடி ஓடும் நாளில் ஒரே பகலிரவில் 8.64 டி.எம்.சி. கடந்து செல்கிறது என்பதால், அதில் நூற்றில் ஒரு பங்கைச் சற்றே தாண்டும் அளவை மேலேற்றுவதால் டெல்டா காய்ந்துவிடும் என்று அஞ்சத் தேவையில்லை. செலவு ஒன்றுதான் பெரிது. ஒகேனக்கல்லுக்கும் தருமபுரி மேட்டுநிலத்துக்கும் இடையே சுமார் இருநூறு மீட்டர் உயர வேறுபாடு இருப்பதால், ஒரு டி.எம்.சி. நீரை அவ்வளவு உயரம் ஏற்ற ஒன்றரைக் கோடி யூனிட் மின்சாரம் வேண்டும்; இயந்திர இழப்பையும் சேர்த்தால் அது இரண்டு கோடியை நெருங்கும். இந்தச் சுமை ஆண்டுதோறும் வரும் என்பதையும் கோரிக்கையாளர்கள் மனத்தில் கொள்வது நல்லது.

ஆகவே நீரின் அளவைக் குறித்து இம்மடலுக்கு மறுப்பில்லை. கடலை அடையும் நீர் வீண் என்று எழுதப்படும் அந்த ஒரு வரியைக் குறித்தே மறுப்பு. அந்நீர் என்ன வேலை செய்கிறது என்பதைச் சற்று விரித்துச் சொல்வது அவசியம்.

டெல்டா என்பது, கடலை நெருங்கும் ஆறு வேகம் தளர்ந்து, சுமந்து வந்த வண்டலைப் படியவிட்டு, அவ்வண்டலின் மீதே கிளைகளாகப் பிரிந்து ஓடும் தாழ்ந்த சமவெளி. அங்கே நிலத்துக்கு மேல் ஆற்றுநீரும் ஓதநீரும் சந்திப்பதுபோலவே நிலத்துக்கு அடியில் நன்னீரும் உவர்நீரும் ஒன்றையொன்று தள்ளிக்கொண்டு நிற்கின்றன. நன்னீர் எடை குறைந்தது, கடல்நீர் எடை கூடியது. அதனால் கடலோர மணற்பரப்பில் கடல் மட்டத்துக்கு மேல் ஓரடி உயரம் நன்னீர் நின்றால், கடல் மட்டத்துக்குக் கீழே ஏறத்தாழ நாற்பதடி ஆழம்வரை அது உவர்நீரைத் தாங்கி நிறுத்தும் என்பது நிலத்தடி நீரியலின் அடிப்படைக் கணக்கு. இக்கணக்கு மறுபுறமும் வேலை செய்கிறது: மேலே ஓரடி குறைந்தால், காலப்போக்கில் கீழே நாற்பதடி நன்னீர் பறிபோகும். காவிரியின் கிளையான கொள்ளிடத்தில் வெள்ளம் ஓடும் சில வாரங்கள் இந்த இழப்பை ஓரளவு ஈடுசெய்கின்றன. ஆற்றுமணல் ஊறிப் பக்கத்து ஊர்களின் கிணறுகளுக்கு நீர் ஏறுகிறது, முகத்துவாரத்தின் வழியே மேலேறி வந்திருந்த உப்புநீர் கடலை நோக்கித் தள்ளப்படுகிறது. அவ்வெள்ளம் வராத ஆண்டில் கொள்ளிடக் கரையின் கடலோர ஊர்களில் கைப்பம்பு உவர்க்கத் தொடங்குவதைக் கண்ட எந்த விவசாயியும் அந்த வெள்ளநீரை வீண் என்று சொல்ல மாட்டார்.

காவிரியின் மற்றொரு கிளையான வெண்ணாற்றின் கடைசியில் இருக்கும் முத்துப்பேட்டையை எடுத்துக்கொள்ளலாம். பாமணியாறு, கோரையாறு, கிளைதாங்கியாறு, மரைக்காக்கோரையாறு, கந்தபரிச்சான் ஆறு ஆகியவை வயல்களில் வடிந்த நீரைச் சுமந்து வந்து அங்குள்ள உப்பங்கழியில் சேர்க்கின்றன. உப்பங்கழி என்பது கடலோடு குறுகிய வாயால் இணைந்த, ஆழமற்ற நீர்ப்பரப்பு. அதைச் சூழ்ந்து அலையாத்திக் காடு வளர்ந்திருக்கிறது. உப்பைத் தாங்கும் மரங்களுக்கும் நன்னீர் வேண்டும். விதை முளைத்து நாற்று வேரூன்றும் பருவத்தில் நீரின் உப்புத்தன்மை தணிந்திருக்க வேண்டும். மேட்டூர் அணை 1934இல் நிறைவு பெற்றபின் ஆற்றின் ஓட்டம் பாசனத் தேவைக்கேற்ப ஒழுங்குபடுத்தப்பட்டதால், முத்துப்பேட்டைக்கு நன்னீர் பெரும்பாலும் வடகிழக்குப் பருவமழையின் சில வாரங்களில் மட்டுமே வந்து சேர்கிறது. அங்கே இன்று பெரும்பான்மையாக நிற்பது, மிகுந்த உப்பையும் தாங்கவல்ல வெண்கண்டல் என்னும் ஒரே வகை. கொள்ளிடத்துக்கும் வெள்ளாற்றுக்கும் இடையிலுள்ள பிச்சாவரத்திலோ, கான்சாகிப் வாய்க்கால் போன்ற வடிகால்களின் வழியே நன்னீர் கலப்பதால், தில்லை, சுரபுன்னை உள்ளிட்ட பல வகை மரங்கள் தாக்குப்பிடித்து நிற்கின்றன. ஒரே கடற்கரையில், ஒரே ஆற்றின் இரு கிளைகளுக்கிடையே காணப்படும் இவ்வேறுபாடு, கடைசியில் வந்து சேரும் நீரின் மதிப்பை எந்த அறிக்கையையும்விடத் தெளிவாகக் காட்டுகிறது.

இக்காடுகள் சீர்கெட்ட வரலாறும், அவை ஓரளவு மீட்கப்பட்ட வரலாறும் ஏரி வாய்க்காலில் வேலை செய்து பழகியவர்களுக்கு எளிதில் விளங்கும். பிரிட்டிஷ் ஆட்சிக் காலத்தில் தொடங்கி, காட்டைப் பகுதி பகுதியாகப் பிரித்து ஒவ்வொன்றையும் முற்றாக வெட்டி விறகுக்கு விற்கும் முறை பல பத்தாண்டுகள் நடைமுறையில் இருந்தது. மரநிழல் போன சேற்றுநிலம் வெயிலில் காய்ந்து அமிழ்ந்து தட்டுபோலப் பள்ளமானது. பெரிய ஓதத்தில் உள்ளே புகுந்த கடல்நீர் வெளியேற வழியின்றித் தேங்கி, ஆவியாகி, உப்பை விட்டுச் சென்றது. அந்த உப்பில் எந்த விதையும் முளைக்கவில்லை. 1990களில் எம்.எஸ்.சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனமும் வனத்துறையும் கடலோர மக்களும் சேர்ந்து அப்பள்ளங்களில் மீன்முள் வடிவ வாய்க்கால்களை வெட்டினர். நடுவே ஒரு தாய்வாய்க்கால், அதன் இருபுறமும் சாய்வாகப் பிரியும் கிளைவாய்க்கால்கள், அக்கிளைகளின் கரைச்சரிவில் நாற்றுகள் என்பதே அதன் அமைப்பு. ஓதம் ஏறும்போது நீர் எல்லா மூலைக்கும் பரவுகிறது, இறங்கும்போது உப்பைக் கழுவிக்கொண்டு வடிந்துவிடுகிறது. நீர் வந்து போக வழி செய்ததும் காடு திரும்பி வந்தது. ஆயினும் வாய்க்காலில் வண்டல் ஏறினால் அது மறுபடியும் தூர்வாரப்பட வேண்டும், மேலிருந்து நன்னீர் வந்தால்தான் நாற்று தேறும்.

இறால் குஞ்சுகளும் பல வகை மீன் குஞ்சுகளும் இந்தக் கழிகளில்தான் வளர்ந்து கடலுக்குப் போகின்றன. கடலிலிருந்து முட்டையிட ஆற்றின் மேலே ஏறிவரும் உல்லம் மீன், அணைகள் எழுந்தபின் காவிரியில் ஏறக்குறைய இல்லாமலே போயிற்று. வேதாரண்யத்தை அடுத்த கோடியக்கரைக்குக் குளிர்காலத்தில் வரும் பூநாரைகளும் உள்ளான்களும் ஆற்றுநீரும் மழைநீரும் கடல்நீரும் கலக்கும் ஆழமற்ற சதுப்பில்தான் இரை தேடுகின்றன. அச்சதுப்பு 2002இல் ராம்சார் தலமாக அறிவிக்கப்பட்டது. ஈரான் நாட்டின் ராம்சார் நகரில் 1971இல் கையெழுத்தான ஈரநிலப் பாதுகாப்பு உடன்படிக்கையின் கீழ் பன்னாட்டு முக்கியத்துவம் பெற்ற இடங்களுக்கு அப்பெயர் வழங்குகிறது. ஆண்டின் ஒரு பகுதியிலேனும் நீர் தங்கி, அந்நீரைச் சார்ந்தே மண்ணும் உயிர்களும் அமையும் இடமே ஈரநிலம். பிச்சாவரம் 2022இல் ராம்சார் பட்டியலில் சேர்ந்தது.

சட்டமும் இந்நீரை முற்றாக மறந்துவிடவில்லை. 1990இல் அமைக்கப்பட்ட காவிரி நடுவர் மன்றம் 2007ஆம் ஆண்டு பிப்ரவரி 5 அன்று அளித்த இறுதித் தீர்ப்பில், ஆற்றின் மொத்த நீரை 740 டி.எம்.சி. என மதிப்பிட்டு, சுற்றுச்சூழல் பாதுகாப்புக்கு 10 டி.எம்.சி.யையும், தவிர்க்க இயலாமல் கடலை அடையும் நீருக்கென 4 டி.எம்.சி.யையும் ஒதுக்கியது. தமிழ்நாட்டின் பங்கை 404.25 டி.எம்.சி.யாகக் குறைத்த 2018ஆம் ஆண்டின் உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் அந்த 10 டி.எம்.சி.யைத் தொடவில்லை. மாநில எல்லையிலுள்ள பிலிகுண்டுலுவில் கர்நாடகம் மாதவாரியாக அளந்து கொடுக்க வேண்டிய 177.25 டி.எம்.சி.க்குள் அதுவும் அடங்கியிருக்கிறது. மேட்டூரை அடைந்ததும் அது பாசன நீரோடு ஒன்றாகிவிடுகிறது. குறுவைக்கும் சம்பாவுக்கும் முறை வைத்து நீர் பகிரப்படுவதுபோல் முத்துப்பேட்டைக்கு எந்த மாதத்தில் எவ்வளவு என்று முறை வைக்கப்படுவதில்லை. ஒதுக்கீடு இருந்தும் மடை இல்லாத ஆயக்கட்டின் நிலைதான் அது. ஏரிப்பாசனத்தில் கடைமடை வயல் வைத்திருப்பவருக்கு இதன் பொருளை விளக்க வேண்டியதில்லை.

முறை வைத்து நீர்விட முடியும் என்பதற்கு வெளிநாட்டில் ஒரு சான்று உண்டு. அமெரிக்காவின் கொலராடோ ஆறு, அணைகளாலும் பாசனத்தாலும் முற்றிலும் உறிஞ்சப்பட்டுப் பல பத்தாண்டுகளாகப் பெரும்பாலும் கடலை எட்டாமல் மெக்சிகோவின் மணலில் காய்ந்து கிடந்தது. அமெரிக்காவும் மெக்சிகோவும் செய்துகொண்ட உடன்பாட்டின்படி, 2014ஆம் ஆண்டு மார்ச் 23 முதல் சுமார் எட்டு வாரங்களுக்கு, எல்லையிலுள்ள மொரேலோஸ் அணையிலிருந்து டெல்டாவுக்கென்றே நீர் திறக்கப்பட்டது. மொத்த அளவு 1,05,000 ஏக்கர் அடி. காவிரிக் கணக்கில் அது சுமார் 4.6 டி.எம்.சி. மட்டுமே. ஆறு மீண்டும் கடலைத் தொட்டது, வறண்ட கரைகளில் மரக்கன்றுகள் முளைத்தன. காவிரியில் சுற்றுச்சூழலுக்கென ஏற்கெனவே தாளில் ஒதுக்கப்பட்டிருக்கும் நீர் அதைப்போல் இரு மடங்குக்கும் மேல்.

இனி, வீண் என்னும் வாதத்தால் தருமபுரிக்கே நேரக்கூடிய தீங்கைப் பார்க்க வேண்டும். உபரிநீரைக் கேட்பது தருமபுரி மட்டுமில்லை. சேலத்து ஏரிகளின் திட்டம் நடைமுறையில் இருக்கிறது. காளிங்கராயன் அணைக்கட்டுக்குக் கீழே பவானியின் உபரியிலிருந்து 1.5 டி.எம்.சி. எடுத்து 1,045 ஏரி குளங்களுக்கு வழங்கும் அத்திக்கடவு–அவினாசித் திட்டம் 2024 ஆகஸ்டில் தொடங்கிவைக்கப்பட்டது. மாயனூர்க் கதவணையிலிருந்து தெற்கே 262 கிலோமீட்டர் நீளும் காவிரி–வைகை–குண்டாறு இணைப்புக் கால்வாயும் வெள்ளநீரையே நம்பியிருக்கிறது. தனித்தனியே பார்த்தால் ஒவ்வொன்றும் நியாயம், ஒவ்வொன்றும் வெள்ளத்தில் ஒரு சிறு பங்கு. எனினும் எல்லாத் திட்டங்களும் அதே சில வார வெள்ளத்தைத்தான் கணக்கிடுகின்றன, அவற்றின் பயனாளர் பட்டியலில் முத்துப்பேட்டையோ பிச்சாவரமோ இல்லை. வெள்ளமும் ஆண்டுதோறும் வருவதில்லை. 2022இல் வழக்கமான ஜூன் 12க்கு முன்பாக, மே 24 அன்றே மேட்டூர் திறக்கப்பட்டு, வெள்ளம் பல மாதங்கள் தொடர்ந்தது. அடுத்த ஆண்டே ஜூன் 12இல் திறந்த அணையை நீரின்றி அக்டோபர் 10இல் மூட நேர்ந்தது. அத்தகைய ஆண்டில் உபரி என்று ஒன்றும் இராது. வீணாகும் நீரைத்தான் கேட்கிறோம் என்று எழுதிக் கொடுத்தவர்கள், வீணாக நீர் இல்லாத ஆண்டில் எந்த உரிமையின் பேரில் கேட்பது? எஞ்சியது கிடைத்தால் போதும் என்ற நிலையில் தருமபுரியின் ஏரியும் முத்துப்பேட்டையின் கழியும் ஒன்றாகவே நிற்கின்றன. ஒன்றுக்கு நீர் தர மற்றொன்றின் நீரை வீண் என்று அறிவிக்க வேண்டியதில்லை. இரண்டும் பெயரோடும் அளவோடும் பங்கீட்டுக் கணக்கில் ஏறுவதே இருதரப்புக்கும் உறுதியான பாதுகாப்பு.

தருமபுரியின் ஏரிகளும் ஈரநிலங்களே என்பது இவ்விடத்தில் அழுத்திச் சொல்லப்பட வேண்டும். ஆனால் 2017ஆம் ஆண்டின் ஈரநிலப் பாதுகாப்பு விதிகள், பாசனத்துக்கெனவே மனிதர் அமைத்த நீர்நிலைகளைத் தம் வரையறையிலிருந்து விலக்கி வைத்திருக்கின்றன. அரியலூர் மாவட்டத்தின் கரைவெட்டி ஏரியோ, மேட்டூர் நீரைப் புள்ளம்பாடி வாய்க்கால் வழியாகப் பெறும் பாசன ஏரியாக இருந்துகொண்டே பறவைகளின் புகலிடமாகவும் விளங்கி 2024இல் ராம்சார் தலமாயிற்று. திருவாரூர் மாவட்டத்தின் வடுவூர், உதயமார்த்தாண்டபுரம் ஏரிகளுக்கு 2022இலேயே அத்தகுதி கிடைத்தது. வயலுக்குப் பாயும் ஏரி பறவைக்கும் பயன்பட முடியும் என்பதற்கு இவற்றைவிட வேறு சான்று தேவையில்லை.

அதனால் தொப்பூர் வட்டாரத்து ஏரிகளுக்கு நீர் வரும் நாளுக்கு முன்பே சில காரியங்களைச் செய்யலாம். பொக்லைன் இயந்திரத்தைக் கொண்டு ஏரியைப் பெட்டிபோல் செங்குத்தாகத் தோண்டுவது பரவலாகிவிட்டது; கொள்ளளவு கூடினாலும், கோரையும் நாணலும் வளர்ந்து நாரைகள் நின்று இரை தேடும் ஆழமற்ற ஓரம் அதனால் அழிந்துபோகிறது. தூர்வாரும்போது அவ்வோரத்தை ஒரு பக்கமாவது விட்டுவைக்கலாம். மதகின் அடிமட்டத்துக்குக் கீழே நிற்கும் நீரை மோட்டார் வைத்து இறைக்காமல் கோடையில் மீனுக்கும் கால்நடைக்கும் விடலாம். ஆற்றுநீரோடு ஆகாயத்தாமரையும் ஆப்பிரிக்கக் கெளுத்தியும் வந்து சேரக்கூடும் என்பதால், நீர் ஏரியில் விழும் இடத்தில் சல்லடை அமைக்குமாறு திட்டத்திலேயே கேட்டுப் பெறலாம்.

இவை எல்லாவற்றினும் முக்கியமானது வரத்துவாய்க்கால். குழாயில் நீர் வரும் என்ற நம்பிக்கை பிறந்த ஊரில், மலைச்சரிவின் மழையை ஏரிக்குக் கொண்டுவரும் வாய்க்காலை யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை. அது தூர்ந்து, சீமைக்கருவேலம் மண்டி, சாலைக்கடியிலான சிறுபாலம் அடைபட்டு, கடைசியில் வீட்டுமனையாகிறது. மேலேற்றி வரும் நீருக்கு மின்கட்டணம் உண்டு, சேர்வராயன் மலையிலிருந்து இறங்கி வரும் நீருக்குக் கட்டணம் இல்லை. ஒரு கனமழை நாளில் தொப்பையாற்றுப் படுகையின் ஏரிகள் எவ்வளவு நீரைப் பிடித்துவைக்க முடியும் என்ற கணக்கை ஊர்தோறும் எடுத்து, அது போக எவ்வளவு குறைகிறது என்று காட்டி, அந்தக் குறையைக் காவிரியிலிருந்து கேட்டால், அக்கோரிக்கையை எந்த அதிகாரியும் எளிதில் ஒதுக்கித் தள்ள முடியாது.

அடுத்த கிராமசபைக் கூட்டத்தில், குறிப்பாக உலகத் தண்ணீர் நாளான மார்ச் 22 அன்று கூடும் சபையில், ஏரிகளுக்கு நீர் கேட்டு நிறைவேற்றப்படும் தீர்மானத்தில் வீணாகும் நீர் என்ற தொடரை நீக்கி, அதன் இடத்தில் இரண்டு வரிகளைச் சேர்க்குமாறு இம்மடல் வேண்டுகிறது. மேட்டூர் நிரம்பி, கொள்ளிடத்தில் வெள்ளம் ஓடும் நாட்களில் மட்டுமே தருமபுரி ஏரிகளுக்கு நீர் எடுக்கப்பட வேண்டும், எடுத்த அளவு நாள்தோறும் வெளியிடப்பட வேண்டும் என்பது முதல் வரி. சுற்றுச்சூழலுக்கென ஒதுக்கப்பட்ட 10 டி.எம்.சி. நீர் டெல்டாவின் எந்த ஈரநிலத்துக்கு எந்த மாதத்தில் எவ்வளவு விடப்படுகிறது என்பதை நீர்வளத்துறை முறை வைத்து அறிவிக்க வேண்டும் என்பது இரண்டாம் வரி. தீர்மானத்தின் நகலை மாவட்ட ஆட்சியருக்கும் நீர்வளத்துறைக்கும் அனுப்பும்போது, முத்துப்பேட்டைக் காட்டை ஒட்டிய ஜாம்புவானோடை ஊராட்சிக்கும் ஒரு நகல் அனுப்பினால், தருமபுரி ஏரிகளுக்கு நீர் கேட்கும் தீர்மானத்தை அந்தக் கடைமடை ஊரின் சபையும் தன் பங்குக்கு நிறைவேற்றித் தருமாறு கேட்க வழி பிறக்கும்.